கொள்கையும் அநுபவமும்: சென்னைக் கிறித்துவரிடை எழுந்த ஒரு வழக்கு

ஒரு சமயத்துக்கு உயிராவது அதன் கொள்கையோ, அன்றி அக்கொள்கையைக் கைக்கொண்டார் உள்ளத்தே நிகழும் அநுபவமோ என்னும் வினா எல்லாச் சமயங்கட்கும் பொதுவாவது. கொள்கையே என்பார் அநுபவத்தை ஐயுறுவர். அநுபவமே என்பார் கொள்கையைச் சுமையென இகழ்வர். இவ்விரு திறத்தாரும் நேர்நின்று வழக்காடியதும், அவ்வழக்கின் இருமருங்கும் எழுத்தில் நிலைபெற்றதும், இருபதாம் நூற்றாண்டின் முற்பாதியிற் சென்னைக் கிறித்துவரிடையே நிகழ்ந்தன. அவ்வழக்கை ஆராய்தல் சைவர்க்கும் பயன் தருவதாம்.

மயிலாப்பூரிற் கபாலீச்சுரத்தைத் தொழுது கிழக்கே கடற்கரை நோக்கிச் செல்வார் சாந்தோம் பேராலயத்தைக் காண்பர். மேற்கே சென்று கதீட்ரல் சாலையை அடைவார் புனித சியார்ச்சுப் பேராலயத்தைக் காண்பர். முன்னையது உரோமன் கத்தோலிக்கருடையது. இப்போதுள்ள அதன் கட்டடம் 1896-ஆம் ஆண்டிற் படைக்கப்பெற்றது. பின்னையது ஆங்கிலத் திருச்சபையாரால் 1815-இற் கட்டி முடிக்கப்பெற்றது. மூன்று கோயில்களும் இத்துணை அணுக நிற்பவும், ஒன்றில் வழிபடுவார் மற்றொன்றின் கொள்கையை அறியாதிருத்தல் வியப்பே. கிறித்துவருள் அறிஞர் சிலர் சைவ நூல்களைக் கற்கப் பெரிதும் உழைத்துள்ளனர். அமெரிக்கப் பாதிரியாராகிய ஹாய்சிங்டன் சிவஞானபோதத்தை ஆங்கிலத்திற் பெயர்த்து 1854-இல் வெளியிட்டனர். செருமானியராகிய சோமரசு சைவ சித்தாந்தத்தைப் பற்றித் தம் மொழியில் ஒரு பெருநூல் வரைந்து 1912-இல் வெளியிட்டனர். அவர் கொள்கையைச் சைவர் அத்துணை ஊன்றிக் கற்றாரல்லர். சிவஞான சித்தியார் பரபக்கத்திற் பிற சமயத்தார் கூற்றை முதற்கண் அவர் கூற்றாகவே நிறுத்திப் பின்னரே மறுக்கும் முறை காணப்படுகின்றது. அம்முறையே ஈண்டும் கொள்ளத்தக்கது.

விசுவாசப் பிரமாணம் எழுந்த வகை

கிறித்துவர் தம் வழிபாட்டில் ஒருங்கு நின்று ஓதும் கொள்கைச் சுருக்கம் விசுவாசப் பிரமாணம் எனப்படும். அப்போத்தலர் பெயரால் வழங்குவது ஒன்று. நிசேயா என்னும் ஊரின் பெயரால் வழங்குவது மற்றொன்று. இவை உலகைப் படைத்த தந்தையையும், மகனாகிய இயேசு கிறித்துவையும், தூய ஆவியையும் நம்புதலைக் கூறிப் பின் திருச்சபை, பாவமன்னிப்பு, உயிர்த்தெழுதல் என்பவற்றைக் கூறி முடிவன.

இவை வேலையற்ற அறிஞரின் சொற்போரிற் பிறந்தன என்று கருதுதல் பிழை. நான்காம் நூற்றாண்டில் அலெக்சாந்திரியா நகரத்துக் குருவாகிய ஆரியுசு என்பார், மகன் தந்தையாற் படைக்கப்பட்டவனே என்றும், படைக்கப்பட்டவற்றுள் எல்லாம் தலையாயவன் என்றும் போதித்தனர். சைவர் வழக்கிற் கூறின், கிறித்து பதியோ பசுவோ என்பதே அவ்வினா. பசுவாயின் அவனை வழிபடுதல் தகாது. அவனால் வீடுபேறு எய்துதலும் கூடாது. பதியாயின் பதி ஒன்றென்பது என்னாம்? 325-இல் நிசேயாவிற் கூடிய ஆயர் அவை, மகன் தந்தையோடு ஒரே பொருளினன் என்று முடிவு செய்தது. 381-இற் கான்சுதாந்திநோபிளிற் கூடிய அவையோடு தொடர்புறுத்திக் கூறப்படும் விரிந்த வடிவமே இன்று வழிபாட்டில் வழங்குவது. 451-இற் கால்சிதோனிற் கூடிய அவை, கிறித்து மெய்யாகவே கடவுளும் மெய்யாகவே மனிதனும் ஆவன் என்று வரையறுத்தது.

அம்முடிபு சைவர்க்கு உடன்பாடன்று. ஆயினும் அது பிறந்த இடம் உற்றுநோக்கத்தக்கது. மக்கள் கிறித்துவை நோக்கி வேண்டுதல் செய்துவந்தனர்; அவ்வேண்டுதல் பொருளுடையதோ என்னும் ஐயம் எழுந்தது; அதற்கு விடையாகவே கொள்கை சொல்வடிவு பெற்றது. வழிபாடு முந்தியது, கொள்கை அதற்கு வேலியாய்ப் பிந்தியது. வேலி பயிரன்று, வேலியின்றிப் பயிர் நில்லாதென்பதும் உழவர் அறிந்ததே.

செஞ்சையா குழுவினரின் கூற்று

வேலியே பயிரை மேய்ந்துவிட்டது என்று முறையிட்டோர் சென்னையிலிருந்த செஞ்சையாவும் சக்கரைச் செட்டியாரும் அவர் நண்பரும் ஆவர். அவ்விருவரும் இந்துக் குடும்பங்களிற் பிறந்து இளமையிலே கிறித்துவரானவர், வழக்கறிஞர், ஒருவர்க்கொருவர் மைத்துனர். செஞ்சையா புதுக்கோட்டை அரசில் தலைமை நீதிபதியாயிருந்தவர். சக்கரைச் செட்டியார் தொழிலாளர் தலைவராகவும், 1941-இற் சென்னை நகரத் தந்தையாகவும் விளங்கியவர். இவரும் வேறு சிலரும் எழுதிய கட்டுரைகள் 'இந்தியாவிற் கிறித்துவத்தை மீளச் சிந்தித்தல்' என்னும் பொருள்படும் பெயரோடு 1938-இற் சென்னையில் ஆங்கில நூலாக வெளிவந்தன.

செஞ்சையாவின் கூற்று இது: இயேசு ஒரு புதுப் படைப்பின் தொடக்கம். அவர்பால் வெளிப்பட்ட ஆவியின் ஆற்றல் மனிதரிடத்துப் புகுந்து அவரையும் புதுப் படைப்பாக மாற்றவல்லது. அம்மாற்றமே கிறித்துவம். சபையும், குருத்துவமும், பிரமாணமும் மேலைநாட்டார் தம் வரலாற்றில் வேண்டி அமைத்துக்கொண்டவை. இந்தியன் அவற்றின் வழியாகவே கிறித்துவை அடைதல் வேண்டுமென்னும் கட்டாயமில்லை. நேரே அவரை எதிர்ப்பட்டு அநுபவித்தலே வேண்டுவது.

இக்கூற்றின் வலிமையை மறைத்தல் நடுவுநிலைமை ஆகாது. ஞாயிறுதோறும் பிரமாணத்தை வாயால் ஓதி, அதன் பொருளை ஒருகாலும் எண்ணாது வீடு திரும்புவார் எத்துணையர்! கிரேக்க மெய்ந்நூற் சொற்களில் உருவாகிய கொள்கையை ஆங்கிலத்தின் வழியே தமிழிற் பெயர்த்து மனப்பாடஞ் செய்தல் அன்பை எங்ஙனம் வளர்க்கும்? செஞ்சையா கேட்ட கேள்வி உண்மையான பசியிற் பிறந்தது. ஓதுதல் வேறு, உணர்தல் வேறு என்பதைச் சித்தாந்தமும் வற்புறுத்துவதாகலின், சைவர் அக்கேள்வியைக் கேட்டு மகிழவே செய்வர்.

அக்கூற்றின் குறை

ஆயினும் அக்கூற்று முற்றும் நிலைபெறுவதன்று. கொள்கையை விலக்கி அநுபவத்தை மாத்திரமே உரைக்கப் புகுந்தவர், உரைக்கத் தொடங்கிய அளவிலே வேறொரு கொள்கையை உரைத்தவராகின்றனர். இயேசு புதுப் படைப்பு என்பது அநுபவம் மாத்திரம் அன்று; அஃது ஒரு கொள்கையே. அநுபவம் ஒருவன் உள்ளத்தே நிகழ்வது. அதனை மற்றொருவனுக்கு எடுத்துரைக்கச் சொல் வேண்டும், அச்சொல்லுக்கு வரையறை வேண்டும், வரையறையே கொள்கை.

இதற்குச் சக்கரைச் செட்டியாரே சான்று. அவர் கிறித்துவை 'அவதாரம்' என்னும் இந்நாட்டுச் சொல்லால் விளக்கி நூலெழுதினர். அவதாரங்கள் வந்து மறைவன. கிறித்துவாகிய அவதாரமோ ஆவியாய் இன்றும் தொழிற்படுவது என்று வேறுபாடும் காட்டினர். மக்கட்கு அறிமுகமான சொல்லாற் கூறியது நன்றே. ஆனால் அச்சொல் வைணவர்தம் கொள்கையோடு பிணைந்தது. சிவபெருமான் கருவிற் பிறவான் என்பது சைவர் துணிபு. பக்குவமுற்ற உயிர்க்கு அவன் குருவடிவில் எழுந்தருளி உணர்த்துவன் என்பது சிவஞானபோதத்து எட்டாம் நூற்பாவின் கருத்து. ஆகவே, 'இந்தியச் சொல்' என்று பொதுப்படக் கொண்டது இந்தியர் எல்லார்க்கும் பொதுவாயிற்றில்லை. அன்றியும், கிறித்துவின் உடல் தோற்ற மாத்திரமோ, மெய்யோ என்னும் ஐயத்தை அச்சொல் மீண்டும் எழுப்புகின்றது. அவ்வையத்தை நீக்கற்கன்றோ கால்சிதோனில் அவை கூடிற்று? முன்னோர் கட்டிய வேலியைப் பிரித்தவர், சில அடி தள்ளித் தாமே மற்றொரு வேலி கட்டவேண்டியவராயினர்.

இவ்வழியில் மிக்க கவனத்தோடு சென்றவர் பாளையங்கோட்டையிற் பிறந்த ஏ. சே. அப்பாசாமி அவர்கள். அவர் யோவான் எழுதிய நற்செய்தியைத் தமிழ் அடியார் பாடல்களோடு வைத்து ஒப்புநோக்கிக் கிறித்துவத்தைப் பத்தி நெறியாக விளக்கும் நூலை 1927-இல் வெளியிட்டனர். பின்னர்க் கோயமுத்தூர்ப் பேராயராயினர். கொள்கையை இகழாது, அதனை அன்பின் மொழியிற் கூறுதல் அவர் முறை. அது பெரிதும் பாராட்டற்பாலது.

இம்முயற்சிகளெல்லாம் பிழையென மறுத்தவர் டச்சு நாட்டவராகிய ஹெண்டிரிக் கிரேமர். 1938 திசம்பரில் தாம்பரத்துக் கிறித்துவக் கல்லூரியிற் கூடிய உலக மிசன் மாநாட்டுக்கென அவர் ஒரு பெருநூல் எழுதினர். கடவுள் கிறித்துவிடத்துத் தம்மை வெளிப்படுத்தியது பிற சமயங்களோடு தொடர்ச்சியில்லாதது. அவை மனிதர் தம் முயற்சியே என்பது அவர் துணிபு. செஞ்சையா அதனை வன்மையாக மறுத்தெழுதினர். இவ்விருவருள் ஒருவர் அநுபவத்தை நிறுத்தக் கொள்கையைத் தளர்த்தினர். மற்றவர் கொள்கையை நிறுத்தப் பிறர் அநுபவத்தைக் காணாது விட்டனர். பிறர் கண்ணீரும் கடவுளை நோக்கிய கண்ணீரே என்று காணாத கொள்கை, தன் கடவுளின் பெருமையைத் தானே சுருக்குவதாகும்.

1947: பேராலயத்தில் நிகழ்ந்தது

இவ்வழக்கு நூல்களில் நடந்துகொண்டிருக்க, மற்றொரு முயற்சி அவைகளில் நடந்தது. 1919-இல் தரங்கம்பாடியிற் பல சபைகளின் இந்தியக் குருமார் கூடி, ஒரே கிறித்துவைப் போதிக்கும் தாம் மேலைநாட்டுப் பிரிவினைகளால் வேறுபட்டு நிற்றல் தகாதென அறிக்கை விடுத்தனர். அவருள் முதன்மையானவர், ஆங்கிலத் திருச்சபையில் இந்தியருள் முதற்கண் பேராயரான அசரியா. அவர் அவ்வொற்றுமையைக் காணாமலே 1945-இற் காலமாயினர். 1947 செப்டம்பர் 27-ஆம் நாள் சென்னைப் புனித சியார்ச்சுப் பேராலயத்தில், ஆங்கிலத் திருச்சபையின் நான்கு மாவட்டங்களும், தென்னிந்திய மெதடிசுத்தரும், 1908-இலேயே ஒன்றுபட்டிருந்த தென்னிந்திய ஐக்கிய சபையும் ஒன்றாகித் தென்னிந்தியத் திருச்சபை ஆயின.

இடைப்பட்ட இருபத்தெட்டு ஆண்டுகளும் எதைப்பற்றி வழக்காடினர்? கடவுளைப்பற்றியோ, உயிரைப்பற்றியோ, வீடுபேற்றைப்பற்றியோ பெரும்பிணக்கு நிகழ்ந்ததில்லை. இரு பிரமாணங்களையும் மூன்று திறத்தாரும் ஏற்றனர். அவற்றின் ஒவ்வொரு சொல்லையும் ஒவ்வொருவரும் ஒப்பவேண்டுமென்னும் கட்டாயமில்லை, தக்க பொருள்கொள்ளும் உரிமை உண்டு என்றும் அமைத்துக்கொண்டனர். பெரும்பிணக்கு, குருவாக அமர்த்தும் உரிமை யாருக்கு என்பதிலேயே எழுந்தது. பேராயர் கைவைத்து அமர்த்தாதவர் குருவாகார் என்றனர் ஒருசாரார். அங்ஙனமாயின் தம் குருமார் இதுகாறும் செய்தவை வீணோ என்றனர் மற்றவர். முடிவில், இனி அமர்த்தப்படுவாரைப் பேராயரே அமர்த்துவர். முன்னரே குருவாயிருந்தோர் மீண்டும் அமர்த்தப்படாமலே ஏற்கப்படுவர். முப்பது ஆண்டு இந்நிலை தொடரும் என்று உடன்பட்டனர். அதற்கும் இங்கிலாந்துத் திருச்சபை உடனே முழுவுறவு அளித்திலது.

இதனின்றும் அறியற்பாலது ஒன்று உண்டு. செஞ்சையா கொள்கையின்மேற் சுமத்திய குற்றங்களுட் பல உண்மையிற் கொள்கையைச் சார்ந்தவை அல்ல. கொள்கையின் உடையை உடுத்து நின்ற அதிகாரத்தைச் சார்ந்தவை. மெய்யான கொள்கை அவர்களை ஒன்றுபடுத்திற்று, அதிகாரமே பிரித்தது. இவ்விரண்டையும் பிரித்தறியாமையே கொள்கையை வெறுப்பார்க்கும், கொள்கை கொள்கை என்று முழங்குவார்க்கும் பொதுவான மயக்கம்.

கொள்கை யாருக்குத் துணை?

கொள்கை கற்றோர்க்கே உரியது, எளியவர்க்கு அன்பே போதும் என்பாரும் உளர். அஃது உண்மைக்கு மாறானது. சாதி வழக்கைப்பற்றிய வரலாறு இதனைத் தெளிவாக்கும்.

தமிழ்நாட்டுச் சீர்திருத்தச் சபைகளிற் சாதிக்கேற்ப வேறு வேறு இடத்தில் அமர்தலும், திருவிருந்துக் கிண்ணத்தை முற்பட ஒரு சாதியாரும் பிற்பட ஒரு சாதியாரும் பெறுதலும் நெடுங்காலம் வழங்கின. கல்கத்தாப் பேராயராகிய தானியேல் வில்சன் 1833-இல் இவ்வழக்கம் அறவே ஒழிதல் வேண்டுமெனக் கட்டளை விடுத்தனர். சென்னை வேப்பேரியிலும் தஞ்சையிலும் பலர் இதனை ஏற்க மறுத்துச் சபையை விட்டு நீங்கினர். தஞ்சையிற் கீர்த்தனைகளாற் புகழ்பெற்ற வேதநாயகம் சாத்திரியாரும் எதிர்த்தோருள் ஒருவர். அவர் பாடல்களில் உள்ள உருக்கத்தை ஐயுறுவார் இலர். அநுபவம் நிறைந்த அப்பெரியாரும் பக்கத்திலிருந்த தம் உடன்பிறப்பைக் காணத் தவறினர் எனின், அநுபவமொன்றே மனிதனைத் திருத்தப் போதியது என்று எங்ஙனம் கூறுவது?

அக்காலத்துக் கோயிலின் பின்வரிசையில் தரையில் அமர்ந்திருந்தவனுக்குப் பொருளில்லை, பதவியில்லை, கல்வியுமில்லை. தனக்கு நேர்ந்தது தவறென்று காட்ட அவன்பால் இருந்தது ஒன்றே: கிறித்துவுக்குள் யாவரும் ஒருவரே, ஞானத்நானம் ஒன்றே என்று சபை தானே ஓதிவந்த கொள்கை. முன்வரிசையான் தன் அநுபவத்தைக் கூறின், பின்வரிசையான் அதனை மறுக்க வழியில்லை. அது பிறர் காணாத இடத்தே நிகழ்வது. கொள்கையோ இருவரும் உரக்க ஓதியது, இருவர்க்கும் பொதுவானது, அதனைச் சுட்டி, 'நீ ஓதியது இது, செய்வது இது' என்று எளியவனும் கேட்கலாம். ஆகலின் கொள்கை எளியவன் கையிலுள்ள ஓலை. ஊரார் அறிய எழுதிய அவ்வோலையைக் கிழிப்பின் இழப்பு வலியவனுக்கன்று, எளியவனுக்கே.

ஒன்றரை நூற்றாண்டு கழித்து அரவிந்து நிர்மல் முதலியோர் இவ்வோலையையே எடுத்துக் காட்டினர். 1980-களில் அவர் பெங்களூரிலும், பின்னர்ச் சென்னைக் கீழ்ப்பாக்கத்துக் குருகுல இறையியற் கல்லூரியிலும் இருந்து தலித்து இறையியலை வளர்த்தனர். இந்தியக் கிறித்துவ அறிஞர் உயர்சாதி மெய்ந்நூல்களோடு உரையாடுவதிலேயே காலங்கழித்தனர். சபையிற் பெரும்பாலாராகிய ஒடுக்கப்பட்டோரின் துன்பம் அவர் ஆராய்ச்சியுள் இடம்பெறவில்லை என்பது அவர் குற்றச்சாட்டு. செஞ்சையா குழுவினரின் அநுபவம் நகரத்துக் கற்றோரின் அநுபவம் என்பதும், அது தனக்கென நிலையான சபை எதனையும் விட்டுச் செல்லவில்லை என்பதும் இதனோடு சேர்த்து நினைக்கத்தக்கவை.

அற்றேல், 1833-இற் கொள்கை வாகை சூடிற்றோ எனின், இல்லை. தமிழ்நாட்டுச் சில ஊர்களிற் கல்லறைத் தோட்டமும் சாதியாற் பிரிந்து கிடத்தல் இன்றும் உண்டு. ஓலை இருப்பினும் அதனைப் படித்து நெஞ்சு நடுங்குவார் இல்லாவழி அது வெற்றோலையே. கொள்கையை உயிர்ப்பிப்பது அநுபவம். அநுபவத்தை நெறிநிறுத்துவது கொள்கை என்பது இதனாற் பெறப்படும்.

கொள்கை இல்லத்துட் புகுந்த வழி

தனிமனிதன் நம்பிக்கையிற் கொள்கை எவ்வாறு தொழிற்படுகின்றது என்பதும் நோக்கற்பாலது. தமிழ்க் கிறித்துவர் இல்லங்களுட் கொள்கை புகுந்தது பிரமாணத்தின் வழியாக அன்று; பாட்டின் வழியாகவே எனலாம். நிசேயாவின் முடிபைச் சொல்லால் விளக்க அறியாத மூதாட்டியும், தன்னை மீட்டவன் கடவுளே என்பதைக் கீர்த்தனையாற் பாடி அறிந்திருப்பாள். வைணவ வேளாளர் குடியிற் பிறந்து 1858-இற் சென்னையிற் கிறித்துவரான எச். ஏ. கிருட்டிண பிள்ளை, பனியன் என்பார் ஆங்கிலத்தில் எழுதிய கதையைத் தழுவி 1894-இல் 'இரட்சணிய யாத்திரிக'த்தை வெளியிட்டனர். பாவம், அருள், மீட்பு என்னும் கொள்கைகள் அந்நூலில் விருத்தங்களாய் உருகி ஓடுகின்றன. கம்பரைக் கற்ற நாவினின்று அவை பிறந்தமையால் அயன்மை தோன்றவில்லை. செஞ்சையா வாதத்தால் வேண்டியதைக் கிருட்டிண பிள்ளை பாட்டாற் பெற்றனர். அதற்காகக் கொள்கையுள் ஒன்றையும் கைவிட்டாரல்லர்.

சைவர் கொள்ளற்பாலது

இதுகாறும் கூறியவற்றைப் பிறர் வீட்டுக் கதையாகக் கேட்டு மகிழ்தல் எளிது. ஆனால் ஆடி எதிரிலிருப்பார் முகத்தையே காட்டும்.

சைவர்க்குச் சாத்திரம் பதினான்கு, திருமுறை பன்னிரண்டு. முன்னவை கொள்கை, பின்னவை அநுபவம். திருஞானசம்பந்தர் மயிலையிற் பூம்பாவையை எழுப்பப் பாடிய பதிகம் கொள்கையை வாதிக்கவில்லை. கபாலீச்சுரத்து விழாக்களை ஒவ்வொன்றாகக் கூறி அவற்றைக் காணாது போதல் தகுமோ என வினவுகின்றது. அவ்வன்பினுள் அடங்கியிருந்த கொள்கையையே பிற்காலத்து மெய்கண்டார் நூற்பாவாக வகுத்தனர். இன்று திருமுறை பாடுவாருட் பலர் சாத்திரத்தை அச்சத்தோடு விலக்குகின்றனர். சாத்திரம் கற்றாருட் பலர் திருமுறையை மேற்கோளுக்கு மாத்திரமே எடுக்கின்றனர். சென்னைக் கிறித்துவரிடை நிகழ்ந்த வழக்கு சைவரிடை வாய்பேசாது நடந்துகொண்டிருக்கின்றது.

எளியவன் ஓலை சைவரிடத்தும் உண்டு. ஆதிசைவ மரபினரும் வயதில் முதிர்ந்தவருமாகிய அருணந்தி சிவாசாரியார், வேளாளர் குடியில் தோன்றிய இளஞ்சிறாராகிய மெய்கண்டாரைக் குருவாக அடைந்தனர். திருநாளைப்போவார் அறுபத்துமூவருள் ஒருவராய்த் தொழப்படுகின்றனர். இவை ஒவ்வொரு சைவனும் அறிந்து ஓதுவன. அவ்வாறிருந்தும், மதுரை மீனாட்சியம்மை திருக்கோயிலுள் அந்நாளைப்போவாரின் குலத்தார் புக 1939 சூலை 8-ஆம் நாள் வரை காத்திருக்க நேர்ந்தது. அன்று புகுந்தாரைக் காக்கச் சட்டமும் வேண்டியிருந்தது. கொள்கையிற் குறையில்லை, ஓதியதை உணராமையே குறை. வில்சன் காலத்து முன்வரிசையாரை இகழும் சைவன், தன் ஊர்க் கோயிலின் வாயிலில் நின்று தன்னையும் ஒருமுறை வினவிக்கொள்ளுதல் முறையாம்.

ஆகவே, கொள்கையைச் சுமையென்று எறிவாரும், அதனை அதிகாரத்தின் கோலாக ஓச்சுவாரும் ஒரே பிழையைச் செய்பவராவர். இருவரும் அதனை உணர்ந்திலர். கொள்கை வழிபாட்டிற் பிறந்து, பாட்டில் வளர்ந்து, எளியவனுக்கு இழைக்கும் நீதியிற் பயன்படல் வேண்டும். அப்பயன் விளையாத இடத்து, அச்சமயத்தின் பெயர் யாதாயினும், அதன் பிரமாணம் நாவளவில் நின்றதே என்க.